கை மட்டும் வந்த படம்

பனமரத்துப்பட்டி
20.4.2025

தமிழினி அம்மிணிக்கு,

நான் அங்கம்மாள். சேலத்தில் பாலம் கட்டுகிற இடத்தில் கம்பி கட்டுகிறாரே மாதேஸ்வரன், அவர் வீட்டுக்காரி. பொங்கல் கழித்து நீங்கள் காமிராவோடு வந்து மூன்று நாள் எங்கள் வீட்டிலும் அவர் வேலை செய்கிற இடத்திலும் படம் எடுத்தீர்கள். கொள்ளு ரசம் இரண்டு டம்ளர் வாங்கிக் குடித்துவிட்டு, "எங்கம்மா வெச்சா இப்படி வராதுங்க்கா" என்றீர்கள். உங்கள் அம்மாவிடம் சொல்லிவிட மாட்டேன், பயப்பட வேண்டாம்.

உங்கள் நம்பருக்கு அடித்தால், உபயோகத்தில் இல்லை என்று ஒருத்தி சொல்லிக்கொண்டே இருக்கிறாள். நீங்கள் கொடுத்த அட்டையில் சென்னை ஆபீஸ் விலாசம் இருந்தது. அதற்கு எழுதுகிறேன். பத்தாவது வரைக்கும் படித்தவள், தமிழில் வகுப்பிலேயே முதல். அதனால் நீளமாக எழுதினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

போன ஞாயிறு, சித்திரைக்கு முதல் நாள், உங்கள் 'சேலம்: ஒரு நகரம், ஒரு நாள்' டிவியில் ஓடியது. அதற்கு முன்னால் இங்கே நடந்த கூத்தைச் சொல்ல வேண்டும். இவர் ஒரு மாதமாக ஊரெல்லாம் சொல்லி வைத்திருந்தார். டீக்கடையில் சொன்னார். பஸ் கண்டக்டரிடம் சொன்னார். ஏரிப்பக்கம் மாடு ஓட்டிப் போகிறவரை நிறுத்தி வைத்துச் சொன்னார். என் நாத்தனார் ராசிபுரத்திலிருந்து வந்துவிட்டாள். பக்கத்து வீட்டு அத்தாயி தன் வீட்டு டிவி சின்னது என்று இங்கே வந்து முதல் ஆளாக இடம் பிடித்தாள். இருபது பேர் இருக்கும். இவர் தலைக்குக் குளித்து, வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு, தன் வீட்டிலேயே விருந்தாளி மாதிரி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார்.

படம் நல்ல படம்தான், குறை சொல்ல முடியாது. பூ மார்க்கெட் அம்மா சண்டை பிடிக்கிறதைப் பார்த்துச் சிரித்தோம். ஜவ்வரிசி மூட்டை தூக்குகிறவர் போனில் மகளுக்குப் பாடம் சொல்லித் தந்தது எனக்குக் கண்ணில் தண்ணீர் வைத்துவிட்டது. டவுன் பஸ் டிரைவர் வந்தார், தட்டுவடை செட் போடுகிறவர் வந்தார். எல்லாருக்கும் முகம் இருந்தது, கீழே பேர் இருந்தது. அப்புறம் பாலம் வந்தது. எல்லாரும் வாயை மூடிக்கொண்டோம். ஒரு கை வந்தது. கட்டுக்கம்பியைச் சுற்றி ஒரு முறுக்கு முறுக்கியது. போய்விட்டது. நாலு விநாடி என்று என் மகள் அறிவுச்செல்வி பிறகு எண்ணிச் சொன்னாள்.

கட்டைவிரல் நகம் கறுத்திருந்ததைப் பார்த்துத் தெரிந்துகொண்டேன். "இவருதான், இவருதான்" என்று கத்தினேன். அத்தாயி, "கை வந்துருச்சு, ஆளு பின்னால பஸ்ல வாராராட்ட இருக்குது" என்றாள். வீடே சிரித்தது. இவரும் சிரித்தார். ஆனால் அன்றைக்குச் சாப்பிடவில்லை. இப்போது டீக்கடையில் இவர் தலை தெரிந்தால், "கை நடிகர் வாரார், டீ போடு" என்கிறார்களாம்.

ஒரு மணி நேரம் உட்கார வைத்துப் பேசச் சொன்னீர்களே அம்மிணி. கிணறு வற்றி, காட்டைக் குத்தகைக்கு விட்டுவிட்டு, நாற்பத்தாறு வயதில் கம்பி கட்டக் கற்றுக்கொண்டதை என்னிடம்கூட அவர் அப்படிச் சொன்னதில்லை. ஒரே முடிச்சை மூன்று தடவை கட்டச் சொன்னீர்கள் என்று வீட்டுக்கு வந்து எவ்வளவு பெருமையாகச் சொன்னார் தெரியுமா? "நான் கட்டறது அந்தப் புள்ளைக்கு அம்புட்டுப் புடிச்சுப் போச்சு" என்றார்.

உங்களைத் திட்டி எழுதப் போகிறேன் என்றதற்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டார். "அடுத்த படத்துலயாச்சு மூஞ்சியக் காட்டச் சொல்லி எழுது, போதும்" என்கிறார். எழுதிவிட்டேன்.

அங்கம்மாள்

*

சென்னை
2.5.2025

அன்புள்ள அங்கம்மாள் அக்காவுக்கு,

உங்கள் கடிதத்தை ஆபீஸில் எல்லாரும் படித்தோம். அத்தாயி அக்கா சொன்னதைப் படித்து எங்கள் எடிட்டர் விழுந்து விழுந்து சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இருபது பேரைக் கூட்டி வைத்துக்கொண்டு மாதேஸ்வரன் அண்ணன் காத்திருந்தார் என்பது எனக்குத் தெரியாது. முன்னாலேயே ஒரு வார்த்தை சொல்லியிருக்க வேண்டும்.

பாலம் வருகிற பகுதியில் முகமே வேண்டாம் என்று முடிவெடுத்தது நான்தான். ஒரு நகரத்தைக் கட்டுகிறவர்களை யாரும் முகம் வைத்து நினைவில் வைத்துக்கொள்வதில்லை, அவர்கள் கை மட்டும் பாலமாக நின்றுவிடுகிறது என்று எனக்குத் தோன்றியது. அண்ணன் கட்டுகிறபோது அந்த விரல்களின் வேகம் அவ்வளவு அழகு. சென்னையில் ஒரு திரையிடலில் பார்த்த பெரியவர்கள் இரண்டு மூன்று பேர் அந்த நாலு விநாடியைத்தான் தனியாகப் பாராட்டினார்கள். இதை அண்ணனிடம் சொல்லுங்கள்.

சேனலில் நேரத்தைக் குறைக்கச் சொன்னதால் அவர் பேச்சை வைக்க முடியாமல் போனது. அந்த ஒரு மணி நேரப் பேச்சு முழுவதும் என்னிடம் இருக்கிறது. ஒரு பென் டிரைவில் போட்டு அனுப்புகிறேன். டிவியில் மாட்டினால் ஓடும். இருபது பேரை மறுபடி கூப்பிட்டுப் போட்டுக் காட்டுங்கள். இந்த மாதக் கடைசிக்குள் வந்துவிடும்.

அடுத்து நாமக்கல்லைப் பற்றி ஒரு படம் எடுக்கிற பேச்சு நடக்கிறது. அப்பா திருச்செங்கோட்டில் இருப்பதால் அடிக்கடி வருவேன். அப்போது வீட்டுக்கு வாரேன். ரசம் வையுங்கள்.

அன்புடன்
தமிழினி

*

பனமரத்துப்பட்டி
29.6.2025

அம்மிணி,

அவர் போய்விட்டார். இந்த மாதம் ஒன்பதாம் தேதி, திங்கட்கிழமை, காலை பதினொரு மணிக்கு, தூணுக்குக் கம்பிக்கூடு கட்டிக்கொண்டிருந்தபோது சாரம் சரிந்து மேலேயிருந்து விழுந்தார். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகிறபோதே உயிர் இல்லை என்று சொன்னார்கள். நான் போய்ப் பார்த்தபோது சட்டைப் பையில் கட்டுக்கம்பித் துண்டுகள் இருந்தன. அதை எடுத்து வைக்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. துணியோடு போய்விட்டது.

இதைச் சொல்வதற்காக மட்டும் எழுதவில்லை. அழுகிறதற்கு எனக்கு ஆள் இருக்கிறது.

போலீசில் என்ன எழுதியிருக்கிறார்கள் தெரியுமா? வழியில் போன ஒருத்தர் குடிபோதையில் தடுப்பைத் தாண்டி உள்ளே நுழைந்து விழுந்துவிட்டார் என்று. பாலம் கட்டுகிற கம்பெனிக்காரர்கள் அப்படித்தான் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். பதினோரு மாதமாக வேலை செய்த ஆளை, எங்கள் ஆளே இல்லை என்கிறார்கள். அவர் பேர் அவர்கள் நோட்டில் எங்கேயும் இல்லையாம். வேலைக்குக் கூட்டிப்போன மேஸ்திரி சென்றாயன் எழவுக்கு வந்து, பாடைக்குத் தோள் கொடுத்து, என் காலைப் பிடித்துக்கொண்டு அழுதவன். ஸ்டேஷனில் கூப்பிட்டுக் கேட்டபோது, "பாத்திருக்கறனுங்க, பழக்கமில்லீங்க" என்று சொல்லிவிட்டான். கூட வேலை செய்த வடக்கத்திப் பிள்ளைகளை மறுநாளே வேறு ஊர்ப் பாலத்துக்கு அனுப்பிவிட்டார்கள்.

குடித்தார் என்கிறார்களே, அதுதான் எனக்கு ஆறவில்லை. அவர் குடித்த காலம் ஒன்று உண்டு, நான் மறைக்கவில்லை. கிணறு வற்றின வருசம் குடித்தார். அப்புறம் விட்டு ஆறு வருசம் ஆகிறது. கம்பி மேல் நிற்கிற வேலைக்குப் போகிறவன் குடிக்கலாமா என்று மற்றவர்களுக்குப் புத்தி சொன்னவர். அவரைக் குடிகாரன் என்று சர்க்கார் தாளில் எழுதி வைத்திருக்கிறார்கள். அறிவுச்செல்வியிடம் பஸ்ஸில் ஒருத்தி, "உங்கப்பா தண்ணியப் போட்டுட்டு உளுந்துட்டாராமா?" என்று கேட்டிருக்கிறாள். பிள்ளை பாதி வழியில் இறங்கி நடந்தே வீடு வந்து சேர்ந்தது.

வக்கீல் ஒருத்தரைப் பார்த்தோம். அவர் அங்கே வேலை செய்தார் என்பதற்கு ஒரே ஒரு சாட்சி இருந்தால் போதும், தாளில் எழுதினதை மாற்றிவிடலாம் என்கிறார். உங்களிடம் படம் இருக்கிறதே. தலையில் தொப்பி, இடுப்பில் கட்டுக்கம்பிச் சுருள், பின்னால் பாலம், பக்கத்தில் சென்றாயன். எல்லாம் எடுத்தீர்களே. ஒரு மணி நேரம் அவர் வாயாலேயே பேசியிருக்கிறாரே. நீங்கள் சொன்ன பென் டிரைவ் இதுவரை வரவில்லை. தபாலில் தொலைந்துவிட்டதோ என்னவோ. இன்னொன்று போட்டு உடனே அனுப்புங்கள்.

எனக்கு வேறெதுவும் வேண்டாம் சாமி. அவர் வேலை செய்கிற இடத்தில் வேலை செய்துகொண்டிருந்தபோது செத்தார். அதை எழுதச் சொல்கிறேன், அவ்வளவுதான்.

அங்கம்மாள்

*

சென்னை
8.7.2025

அங்கம்மாக்கா,

இந்தக் கடிதத்தை நாலு முறை கிழித்து எழுதுகிறேன். போனில் பேசலாமே என்று நினைப்பீர்கள். உங்கள் குரலைக் கேட்டால் என்னால் இதைச் சொல்ல முடியாது.

பென் டிரைவ் தொலையவில்லை. நான் அனுப்பவே இல்லை. இன்று நாளை என்று தள்ளிப்போட்டேன். காமிராவில் எடுப்பதையெல்லாம் நாங்கள் வாடகை டிஸ்க்கில் ஏற்றி வைப்போம். படம் ஒளிபரப்பாகி ஒரு மாதம் ஆனதும் அழித்துவிட்டுத் திருப்பிக் கொடுத்துவிடுவது வழக்கம். மே மாதம் நடுவில் அப்படிக் கொடுத்துவிட்டார்கள். எனக்குத் தெரிந்துதான் கொடுத்தார்கள். அந்தத் தாளில் நானும் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அண்ணன் பேச்சு அதில்தான் இருக்கிறது என்பது அன்றைக்கு என் நினைவுக்கே வரவில்லை. இரண்டு வாரம் முன்னால்தான் உங்களுக்கு வாக்குக் கொடுத்திருந்தேன்.

அழித்ததைத் திரும்ப எடுக்க முடியுமா என்று இரண்டு கடைகளில் கேட்டேன். அந்த டிஸ்க்கில் அதற்குள் ஒரு கல்யாண வீடியோ ஏற்றியாயிற்று.

மிச்சம் இருப்பது படத்தில் வந்த அந்த நாலு விநாடி மட்டும்தான். அதைத் தனியாக எடுத்து இத்துடன் அனுப்பியிருக்கிறேன். வக்கீலிடம் கொடுங்கள். நான் நேரில் பார்த்ததை எழுதிக் கையெழுத்துப் போட்டும் தருகிறேன்.

அண்ணன் எனக்கு இளநீர் சீவிக் கொடுத்தார். "நீ பேசறது எங்கூரு பேச்சாட்டவே இருக்குது, மெட்ராசுல இருக்கறயா?" என்று கேட்டார். வேறு என்ன எழுதுவது என்று தெரியவில்லை.

தமிழினி

*

பனமரத்துப்பட்டி
17.8.2025

தமிழினி மேடம் அவர்களுக்கு,

நீங்கள் அனுப்பியது கிடைத்தது. வக்கீல் ஆபீஸ் கம்ப்யூட்டரில் போட்டுப் பார்த்தோம். கை நன்றாகத் தெரிகிறது. என் வீட்டுக்காரர் கை என்று எனக்குத் தெரிகிறது. வக்கீல், "ஏனுங்கம்மா, இந்தக் கை யாருதுன்னு நீங்க சொன்னா அவங்க ஒத்துக்குவாங்களா?" என்று கேட்டார். 

தொழிலாளர் ஆபீஸில் நாங்கள் போட்ட வழக்குக்கு முந்தாநாளுக்கு முந்தின நாள் முதல் விசாரணை. கம்பெனி வக்கீல் ஒரு தாளை எடுத்து அதிகாரியிடம் கொடுத்தார். இங்கிலீஷில் இருந்தது. படம் எடுக்கிறபோது நீங்கள் இவரிடம் வாங்கின கையெழுத்துத் தாள். கீழே இவர் கையெழுத்து, மாதேஸ்வரன் என்று 'ஸ்' மட்டும் மேலே தூக்கிக்கொண்டு நிற்கும், இவர் போட்டதுதான். நடுவில் தொழில் என்ற இடத்தில் எழுதியிருந்ததை அதிகாரி தமிழில் சொன்னார். சாலையில் சென்ற பொதுமக்களில் ஒருவர் என்று எழுதியிருக்கிறதாம். பேனாவால், கையால் எழுதினது.

அந்தத் தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று இவருக்குத் தெரியாது. நீங்கள் காட்டின இடத்தில் போட்டார். எனக்குத் தெரிந்து அன்றைக்குப் பேனா உங்கள் கையில்தான் இருந்தது.

நீங்கள்தான் எழுதினீர்களா? ஆமாம், இல்லை என்று ஒரு வரி போதும். கம்பெனிக்காரர்கள் அப்புறம் சேர்த்து எழுதியிருந்தால் அதையும் சொல்லுங்கள். அப்படித்தான் இருக்கும் என்று அறிவு சொல்கிறாள். நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

அங்கம்மாள்

*

சென்னை
1.9.2025

அக்கா,

நான்தான் எழுதினேன்.

பாலத்தில் படம் எடுக்க அனுமதி கேட்டு இரண்டு வாரம் அலைந்தேன். கடைசியில் அங்கே பொறுப்பில் இருந்தவர் ஒரு நிபந்தனை சொன்னார். "எங்க ஆளுங்கன்னு யாரையும் காட்டக் கூடாது. மூஞ்சி தெரியக் கூடாது. பேப்பர்ல வேலை செய்யறவங்கன்னு எழுதக் கூடாது. சும்மா ரோட்டுல போனவங்கன்னு எழுதி எனக்கு ஒரு காப்பி குடுத்துருங்க" என்றார். நோட்டில் இல்லாத ஆட்களை வைத்து வேலை வாங்குகிறார்கள், அதனால்தான் இப்படிச் சொல்கிறார் என்பது எனக்கு அப்போதே புரிந்தது. புரிந்தும் எழுதினேன். இப்படி எழுதுவது எங்கள் தொழிலில் புதிது இல்லை. கடைக்காரரை வாடிக்கையாளர் என்று எழுதியிருக்கிறோம், பேர் வெளியே வரக் கூடாதென்று சிலருக்கு வேறு பேர் போட்டிருக்கிறோம். படம் கிடைத்தால் போதும், தாளை யார் பார்க்கப் போகிறார்கள் என்றுதான் எல்லாரும் நினைப்பது. நானும் அப்படித்தான் நினைத்தேன்.

கையை மட்டும் காட்டினது அழகுக்காக என்று மே மாதம் எழுதினேனே, அதுவும் பொய். முகத்தைக் காட்டக் கூடாது என்றார்கள், காட்டவில்லை. அப்புறம் அதற்கு ஒரு அழகான காரணம் கண்டுபிடித்தேன். சொல்லிச் சொல்லி நானே நம்ப ஆரம்பித்துவிட்டேன்.

அடுத்த விசாரணை நவம்பரில் என்று உங்கள் வக்கீல் சொன்னார், அதற்கு நான் நேரில் வந்து எல்லாவற்றையும் சொல்கிறேன். சேனலில் வேண்டாம் என்கிறார்கள். இப்படி எழுதினேன் என்று நானே ஒத்துக்கொண்டால், எங்கள் படம் எல்லாவற்றையும் சந்தேகப்படுவார்களாம். நாமக்கல் படத்தை வேறு ஆளிடம் கொடுத்துவிடுவோம் என்று சொல்லிவிட்டார்கள். கொடுக்கட்டும். அப்பாவும், "ஊர் வம்பு உனக்கெதுக்கு கண்ணு?" என்று கேட்டார். நான் வாரேன் அக்கா. கட்டாயம் வாரேன்.

மன்னிப்புக் கேட்டு எழுதத் தைரியம் இல்லை.

தமிழினி

*

பனமரத்துப்பட்டி
23.11.2025

தமிழினிக்கு,

இரண்டரை மாதம் உங்களுக்குப் பதில் எழுதாமல் இருந்தேன். நீங்கள் வந்து சொன்னால் சரியாகிவிடும் என்று மனசில் ஒரு மூலையில் இருந்தது. அதனால் கோபத்தைத் தள்ளி வைத்திருந்தேன்.

வியாழக்கிழமை நீங்கள் வந்தீர்கள். வாசலில் என் கையைப் பிடித்துக்கொண்டீர்கள். நானும் பிடித்துக்கொண்டேன், அதை மறக்கவில்லை. உள்ளே போய் நின்று, நடந்ததை ஒன்று விடாமல் சொன்னீர்கள். அனுமதி கேட்டது, நிபந்தனை சொன்னது, தாளில் எழுதினது, அவர் கம்பி மேல் நின்றது எல்லாம் சொன்னீர்கள். அறிவு என் காதில், "அம்மா, முடிஞ்சுது, அப்பா பேரு வந்துருச்சு" என்றாள். அவ்வளவு நேரம் நான் உங்களுக்காகச் சாமி கும்பிட்டுக்கொண்டிருந்தேன் என்றால் நம்புவீர்களா?

அப்புறம் கம்பெனி வக்கீல் எழுந்தார். சத்தம்கூடப் போடவில்லை. அவர் கேட்டதும் நீங்கள் சொன்னதும் எனக்கு மனப்பாடம் ஆகிவிட்டது.

"இந்த எழுத்து உங்களுதுங்களா?"

"ஆமாங்க."

"பொய்னு தெரிஞ்சேதான் எழுதினீங்க?"

"ஆமாங்க."

"உங்க வேலை ஆகணும்னா பொய் எழுதுவீங்க. சரி. அந்தப் படத்துல கம்பி கட்டறாங்களே, அதைக் கட்டச் சொன்னது யாருங்க?"

"நான்தானுங்க" என்றீர்கள்.

"எத்தனை தடவை?"

"மூணு தடவை."

"பாலத்துக்காகவா, காமிராவுக்காகவா?"

"காமிராவுக்காகத்தானுங்க. ஆனா அவரு..."

"போதுமுங்க" என்று உட்கார்ந்துவிட்டார். வழியில் போன ஆளைக் கூப்பிட்டு, தொப்பி மாட்டி, கையில் கம்பியைக் கொடுத்துப் படம் எடுத்திருக்கிறார்கள் என்று அதற்குள் ஆகிவிட்டது. அதிகாரி எழுதிக்கொண்டே இருந்தார்.

ஞாபகம் இல்லை என்று சொல்லியிருக்கக் கூடாதா? ஒரு தடவை என்று சொல்லியிருக்கக் கூடாதா? பொய் எழுதத் தெரிந்த கைக்கு, ஒரு பொய் சொல்ல வாய் வரவில்லையா? நிசம் எழுத வேண்டிய அன்றைக்குப் பொய் எழுதினீர்கள். எனக்காக ஒரே ஒரு பொய் சொல்ல வேண்டிய இடத்தில் வந்து நிசத்தைச் சொல்கிறீர்கள். நீங்கள் செய்தது சரிதான் என்று எங்கள் வக்கீல் சொல்கிறார். சத்தியம் பண்ணிவிட்டுப் பொய் சொல்ல முடியாது என்கிறார். சரியாகவே இருக்கட்டும். எனக்குத்தான் தாங்க முடியவில்லை.

மூன்று தடவை கட்டச் சொன்னீர்கள் என்று அவர் எவ்வளவு சந்தோசப்பட்டார்.

வெளியே வந்ததும் நீங்கள் அழுதீர்கள். நான் ஒன்றும் சொல்லாமல் பஸ் ஏறினேன். திமிர் என்று நினைக்காதீர்கள். பேசினால் கெட்ட வார்த்தைதான் வந்திருக்கும்.

அங்கம்மாள்

*

சென்னை
2.12.2025

அக்கா,

நீங்கள் திட்டியிருந்தால் எனக்குக் கொஞ்சம் நன்றாக இருந்திருக்கும்.

அன்றிலிருந்து தினம் அதைத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். மூணு என்று ஏன் சொன்னேன்? இந்தத் தடவையாவது ஒரு எழுத்துக்கூடப் பொய் சொல்லக் கூடாது என்று பஸ்ஸில் வரும்போதே முடிவு செய்துகொண்டு வந்தேன். என் மனசைச் சுத்தமாக்கிக்கொள்ள வந்திருக்கிறேன், உங்களுக்காக வரவில்லை. இதுதான் அர்த்தம் போலிருக்கிறது.

தீர்ப்பு நமக்கு எதிராக வந்தாலும் மேல் கோர்ட்டுக்குப் போகலாம் என்று உங்கள் வக்கீல் சொன்னாராமே. போகலாம் அக்கா. எத்தனை வருசம் ஆனாலும் நான் வாரேன். வடக்கே போன பிள்ளைகளில் ஒருவனையாவது தேடிப் பிடிக்கப் பார்க்கிறேன். பீகாரில் ஒரு ஊர்ப் பேர் கிடைத்திருக்கிறது. சேனல் வேலை போய்விட்டது, அதனால் நேரம் இருக்கிறது.

இன்னொன்று. மாதேஸ்வரன் அண்ணனைப் பற்றி ஒரு படம் எடுக்கட்டுமா? அவர் வீடு, வற்றின கிணறு, அவர் பஸ் ஏறின இடம், நீங்கள், அறிவு. யார் போட மாட்டேன் என்றாலும் நானே போட்டுக் காட்டுவேன். இந்தத் தடவை முகத்தோடு.

கோபத்தோடாவது ஒரு வரி எழுதுங்கள்.

தமிழினி

*

பனமரத்துப்பட்டி
25.1.2026

தமிழினி,

பீகாருக்குப் போக வேண்டாம். படமும் வேண்டாம். மேலே போகிறதும் இல்லை. முடிந்துவிட்டது. எப்படி முடிந்தது என்பதை மற்றவர்கள் சொல்லி நீங்கள் தெரிந்துகொள்ளக் கூடாது, அதனால் எழுதுகிறேன்.

பொங்கலுக்கு முந்தின வாரம் சென்றாயன் வந்தான். கூட கம்பெனி ஆபீஸிலிருந்து ஒருத்தர், நல்ல மரியாதையாகப் பேசுகிறவர். அறிவு டிப்ளமோ முடித்துவிட்டு வீட்டில் இருக்கிறாளே, அவளுக்கு ஆபீஸில் கம்ப்யூட்டர் வேலை தருகிறோம், நிரந்தரமாக வைத்துக்கொள்கிறோம் என்றார். வழக்கை வாபஸ் வாங்கி, அவர்கள் எழுதினதுதான் சரி என்று நான் ஒரு வாக்குமூலம் கொடுத்துவிட வேண்டும். சென்றாயன் என் முகத்தைப் பார்க்கவே இல்லை. தண்ணீர் கொடுத்தேன், குடிக்கவில்லை. விளக்குமாறை எடுத்திருப்பேன். அறிவு அங்கே நின்றிருந்ததால் எடுக்கவில்லை.

அவர்கள் போன பிறகு, "போனாப் போகட்டும் சாமி, நாம பாத்துக்கலாம்" என்று அவளிடம் சொன்னேன். சென்றாயன் குடிக்காத தண்ணீரை அவள் எடுத்துப் போய்க் கொட்டினாள். அப்புறம், "அம்மா, அப்பா எங்க வேலை செஞ்சாருன்னு உனக்குத் தெரியும், எனக்குத் தெரியும். ஊருக்குத் தெரிஞ்சு என்ன ஆகப்போகுது? ஒவ்வொரு தடவையும் அந்த ஆபீஸ்ல எங்கப்பன் குடிகாரனா இல்லையான்னு அடுத்தவிய பேசறதைக் கேட்டுட்டு உக்கார என்னால முடியாது. கையெழுத்துப் போட்டுரு" என்றாள். அழவில்லை. அழுதிருந்தால் நான் சம்மதித்திருக்க மாட்டேன். இருபத்தொரு வயதில் அந்தப் பிள்ளை குரல் அப்படிக் காய்ந்து போயிருந்தது.

அவளை நான் குறை சொல்லவில்லை. நீங்களும் சொல்லக் கூடாது. அவள் அப்பனுக்காக நான் வழக்காடிக்கொண்டிருந்தேன். அதில் அவள் என்ன ஆகிக்கொண்டிருந்தாள் என்று எனக்குத் தெரியாமல் போய்விட்டது.

பொங்கல் முடிந்த வியாழக்கிழமை போனோம். நீங்கள் நின்றீர்களே, அதே இடத்தில் என்னை நிற்க வைத்தார்கள். அதிகாரி தாளை வாசித்தார். மேற்படி மாதேஸ்வரன் என்பவர் அங்கே வேலை செய்தவர் அல்ல என்று வாசித்தார். வழியில் சென்றவர் என்று வாசித்தார். சம்பவத்தின்போது குடித்திருந்தார் என்று வாசித்தார். நல்ல மனுசன்தான் அவர். வாசித்துவிட்டு உடனே பேனாவைக் கொடுக்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "இதெல்லாம் நெசந்தானுங்களாம்மா? உங்க வாயால சொல்லணும்" என்றார்.

"நெசந்தானுங்க" என்றேன்.

இருபத்திரண்டு வருசம் ஒன்றாக இருந்தோம். காய்ச்சலில் கிடந்தபோது எனக்குத் தலை வாரிவிட்ட மனுசன். அவரை வழியில் போனவர் என்று சொல்லிவிட்டு, கையெழுத்துப் போட்டுவிட்டு, வெளியே வந்து மகளோடு டீ குடித்தேன். டீ தொண்டைக்குள் இறங்கியது. அதுதான் எனக்கு ஆச்சரியமாக இருந்தது.

அடுத்த மாதம் அறிவு வேலைக்குப் போகிறாள். புதுச் சுடிதார் இரண்டு தைக்கக் கொடுத்திருக்கிறோம்.

உங்கள் மேல் எனக்கு இருந்த கோபம் எங்கே போனது என்று தெரியவில்லை, தேடிப் பார்த்தேன். கோபப்படுகிற தகுதியும் அந்தத் தாளோடு போய்விட்டது போலிருக்கிறது. இனிமேல் எழுத வேண்டாம். வந்தாலும் வீட்டுக்கு வர வேண்டாம். நீங்கள் அந்தத் தாளில் எழுதினது பொய் என்று சொல்ல இந்த ஊரில் நான் ஒருத்தி இருந்தேன். இப்போது யாரும் இல்லை.

அங்கம்மாள்